பழைய தமனிக் காயம், இன்று மடங்கிய விரல்கள்: எந்த எண் முதலில்?

பினாங்கிலிருந்து ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். தனியார் மருத்துவமனை ஒன்றில் மெடிக்கல் ரெக்கார்ட் பிரிவில் வேலை, இரவில் அமெரிக்கக் கோடிங் தேர்வுக்குப் படிப்பு. கோடிங் என்றால் இங்கே நோய்க்கும் காயத்துக்கும் புத்தகத்தைப் பார்த்துக் குறியீட்டு எண் போடும் வேலை. அவர் மேசைக்கு வந்த ஃபைல் இது: 2 ஆண்டுகளுக்கு முன் மோட்டார் சைக்கிளில் போய்க் காரில் மோதியவர். வலது மேற்கைத் தமனி கிழிந்து, காலிலிருந்து எடுத்த சிரையை வைத்து ஒட்டுப் போட்டிருக்கிறார்கள். கை பிழைத்தது. இப்போது விரல்கள் மடங்கிப்போய் நீட்ட முடியாமல் மறுபடி சேர்ந்திருக்கிறார். டிஸ்சார்ஜ் சம்மரியில் மருத்துவர் எழுதியது ஒரே வரி, ‘மேற்கைத் தமனிக் காயத்தின் பின்விளைவு’. சகோதரி எஸ்45.111எஸ் என்று முதல் எண்ணாகப் போட்டார். சூப்பர்வைசர் அதை அடித்துவிட்டு டீ92.8 என்று எழுதினார். யார் சரி என்பது கேள்வி.

பதிலுக்கு முன் ஒரு சின்ன ஏற்பாடு. தமிழில் எழுதும்போது இரண்டு ஆங்கில எழுத்துகள் ஒன்றுபோல் ஆகிவிடுகின்றன. நான் ‘டீ’ என்று நீட்டினால் டைகருக்கு வரும் எழுத்து. ‘டி’ என்று குறுக்கினால் டாக்டருக்கு வரும் எழுத்து. இந்தத் தொழிலில் இந்த இரண்டும் மாறினால் கதையே மாறிவிடும்.

நீங்கள் கேட்டது ஒரு கேள்வி போல இருந்தாலும் உள்ளே இரண்டு இருக்கின்றன. எந்தப் புத்தகத்தை வைத்து எண் போடுகிறோம் என்பது ஒன்று. எந்த எண் முதலில் உட்கார வேண்டும் என்பது இன்னொன்று. முதல் கேள்வியில் உங்கள் சூப்பர்வைசர் சரி. இரண்டாவதில், கோபப்படாதீர்கள், இரண்டு பேருமே சறுக்கியிருக்கிறீர்கள். அவருக்கு மட்டும் தப்பிக்க ஒரு சந்து உண்டு, அதைப் பிறகு சொல்கிறேன்.

புத்தக விஷயத்தை முதலில் முடித்துவிடலாம். மலேசியாவில் மருத்துவமனைகள் நோயைப் பதிவு செய்வது உலகச் சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 என்ற நோய் வகைப்பாட்டுப் புத்தகத்தை வைத்து. அமெரிக்கர்கள் அதையே எடுத்து, நீட்டி, விரித்துத் தங்களுக்கென்று ஐசிடி-10-சிஎம் என ஒன்று வைத்திருக்கிறார்கள். அங்கே அது 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது, ஒவ்வோர் அக்டோபரிலும் புதுப்பிக்கப்படுகிறது. உங்கள் எஸ்45.111எஸ் அந்த அமெரிக்கப் புத்தகத்தின் எண். எஸ்45 என்றால் தோள், மேற்கை மட்டத்து இரத்தக் குழாய்க் காயம். அடுத்த 1 மேற்கைத் தமனி, அதற்கடுத்த 1 வெட்டுக் கிழிசல், மூன்றாவது 1 வலது பக்கம், கடைசியில் வரும் எஸ் பின்விளைவு. அழகான எண்தான். ஆனால் நம் நாட்டுப் புத்தகத்தில் எஸ்45.1 என்பதோடு வண்டி நின்றுவிடும். வலது இடது கிடையாது, ஏழாவது எழுத்து என்ற வழக்கமே கிடையாது. பினாங்கு மருத்துவமனையின் பதிவில் ஏழு இடத்து எண்ணைத் தட்டினால் கணினி ஏற்றுக்கொள்ளாமல் திருப்பும். அல்லது, இது இன்னும் மோசம், புள்ளிக்குப் பின் ஓர் எழுத்தை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை வெட்டிவிடும். அப்போது மிஞ்சுவது எஸ்45.1, அதாவது புதுக் காயம்.

இது எனக்கே நடந்தது. கிள்ளான் பள்ளத்தாக்கில் ஒரு தனியார் மருத்துவமனை, பெயர் வேண்டாம். அப்போது எனக்கு வேலையில் மூன்றாவது ஆண்டு. பழைய தமனிக் காயத்தோடு மறுசிகிச்சைக்கு வந்தவருக்கு எஸ்45.1 என்று போட்டு, மோட்டார் விபத்துக்கான வெளிக்காரண எண்ணையும் பக்கத்தில் வைத்து அனுப்பிவிட்டேன். மூன்று வாரம் கழித்துக் காப்புறுதி நிறுவனத்திலிருந்து ஒரு பெண்மணி அழைத்தார். ‘இவர் மறுபடி விபத்தில் மாட்டிக்கொண்டாரா? போலீஸ் ரிப்போர்ட் எங்கே?’ என்றார். அந்த மனிதர் படுக்கையில் உட்கார்ந்தபடி இல்லாத விபத்துக்கு ரிப்போர்ட் தேடிக்கொண்டிருந்தார். மேலதிகாரி என்னைத் திட்டவில்லை, புத்தகத்தைத் திறந்து டீ90 முதல் டீ98 வரை உள்ள பக்கங்களை வாசிக்கச் சொன்னார். இன்றுவரை அந்தப் பக்கங்கள் என் புத்தகத்தில் மட்டும் கறுத்துப்போய் இருக்கும்.

அந்தப் பக்கங்கள்தான் நம் புத்தகத்தில் காயங்களின் பின்விளைவுகளுக்கான இடம். டீ92 மேல் அவயவம், அதாவது தோளிலிருந்து விரல்வரை. டீ92.1 கை எலும்பு முறிவின் பின்விளைவு, டீ92.4 நரம்புக் காயத்தின் பின்விளைவு, டீ92.5 தசை, தசைநாண். இரத்தக் குழாய்க்குத் தனி வீடு இல்லை. மேற்கைக்கான எஸ்45, முன்கைக்கான எஸ்55, மணிக்கட்டுக்கும் கைக்குமான எஸ்65 எல்லாவற்றையும் சேர்த்து டீ92.8 என்ற மூட்டையில் கட்டிவிட்டார்கள். அதனால் டீ92.8 என்ற எண்ணைப் பார்த்து இது மேற்கையா முன்கையா மணிக்கட்டா, தமனியா சிரையா, வலமா இடமா எதுவும் சொல்ல முடியாது. ஐந்து ஆண்டு கழித்து யாராவது மருத்துவர் ‘நம் மருத்துவமனையில் மேற்கைத் தமனி அறுந்து மீண்டவர்கள் எத்தனை பேர்’ என்று கேட்டால் இந்த எண்ணை வைத்துத் தேடிப் பயனில்லை. எனக்கு இதில் மனக்குறை உண்டு. அதற்காக அமெரிக்க எண்ணைக் கடன் வாங்கக் கூடாது. விவரத்தைக் குறிப்புப் பகுதியில் சொற்களாக எழுதி வைப்பதுதான் நான் செய்வது.

இனி முதலில் எது என்ற விஷயம். இதில் இரண்டு புத்தகமும் ஒரே குரலில் பேசுகின்றன, எனக்கும் இதில் துளி சந்தேகம் இல்லை. நோயாளி இன்று எதற்காகப் படுத்திருக்கிறார்? தமனிக்காக இல்லை. தமனி 2 ஆண்டுக்கு முன்பே சரி செய்யப்பட்டு ஆறிவிட்டது. மடங்கிய விரல்களுக்காகப் படுத்திருக்கிறார். அந்த மடங்கல்தான் முதல் எண். பழைய காயம் இரண்டாவதாக, ‘இது எதனால் வந்தது’ என்று சொல்ல வருகிறது. மருத்துவர் முன்கைத் தசைச் சுருக்கம் என்று எழுதித் தந்தால் நம் புத்தகத்தில் எம்62.4 முன்னால், டீ92.8 பின்னால். விபத்தின் காரணத்துக்கு ஒய்85.0, அதாவது மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவு. உங்கள் தேர்வில் இதே கதை வந்தால் எம்62.431 முன்னால், எஸ்45.111எஸ் பின்னால். வெளிக்காரண எண்ணுக்கும் அதே எஸ் வால். முன்னால் நிற்கும் இந்த எம் எண்ணுக்கு அந்த வால் கிடையாது, இந்த இரண்டில் அது காயத்தின் எண்ணில் மட்டுமே ஒட்டும். தேர்வு எழுதுகிறவர்களில் பாதிப் பேர் இங்கேதான் வழுக்குகிறார்கள்.

சூப்பர்வைசருக்கு ஒரு சந்து உண்டு என்றேன் அல்லவா? உலகச் சுகாதார நிறுவனத்தின் இரண்டாம் தொகுதியில், அதாவது விதிகள் இருக்கும் தொகுதியில், ஒரு சலுகை இருக்கிறது. பின்விளைவுகள் பல இருந்து, எதுவும் தூக்கலாக இல்லாமல், சிகிச்சையும் எல்லாவற்றுக்கும் சரிசமமாக நடந்தால், பின்விளைவு எண்ணையே பிரதான நோயாகப் பதியலாம். உங்கள் நோயாளிக்கு மடங்கிய விரல், மரத்த கட்டைவிரல், குளிரில் வெளுத்து வலிக்கும் கை என்று மூன்றும் இருந்து, ஃபிசியோவும் மருந்தும் பொதுவாக நடந்திருந்தால் டீ92.8 முன்னால் நிற்பதைத் தவறென்று சொல்ல மாட்டேன். மருத்துவர் ஒற்றை வரி எழுதிவிட்டு வெளிநாடு போய்விட்டார், கேட்கவே வழியில்லை என்றாலும் அதுதான் கதி. ஆனால் அவர் மாடியில்தான் இருக்கிறார் என்றால் அது சோம்பேறித்தனம்.

கால அளவு பற்றியும் கேட்டிருந்தீர்கள், ‘எத்தனை மாதம் கழித்தால் பின்விளைவு?’ என்று. அமெரிக்க விதியில் கால வரம்பே கிடையாது. கடுமையான கட்டம் முடிந்து, அதன் மிச்சமாக ஒன்று நின்றுவிட்டால் பின்விளைவுதான், மூன்று மாதமானாலும் முப்பது ஆண்டானாலும். நம் புத்தகத்திலும் மருத்துவர் ‘பின்விளைவு’, ‘பழைய காயத்தால்’ என்று எழுதிவிட்டால் நாள் எண்ண வேண்டாம். அவர் அப்படி எழுதாதபோதுதான் டீ90 பகுதியின் குறிப்பு உதவிக்கு வருகிறது: காயம் பட்டு ஓராண்டோ அதற்கு மேலோ ஆகியும் இருப்பவை பின்விளைவில் சேரும். பலர் இந்தக் குறிப்பைத் தலைகீழாகப் படித்துவிட்டு ‘ஓராண்டு ஆகாவிட்டால் பின்விளைவு போடக் கூடாது’ என்று சட்டம் பேசுவார்கள். அப்படி எங்கும் இல்லை.

தேர்வுக்குப் படிப்பதால் இதையும் சொல்கிறேன். அமெரிக்க ஏழாவது எழுத்தில் ஏ என்றால் காயத்துக்கே தீவிர சிகிச்சை நடக்கிறது. டி என்றால் ஆறிக்கொண்டிருக்கும் காலத்தின் வழக்கமான கவனிப்பு. எஸ் என்றால் மிச்சம் நின்ற பிரச்சினை. ஒட்டுப் போட்ட ஆறாவது வாரம் நாடி பார்க்க வருகிறவருக்கு டி. அங்கே பின்கவனிப்பு இசட் எண்களைப் போடக் கூடாது, காயங்களுக்கு அந்த வேலையை டி எழுத்தே செய்துவிடுகிறது. 2 ஆண்டு கழித்து மடங்கிய விரலை நீட்ட அறுவை சிகிச்சைக்கு வருகிறவருக்கு எஸ். ‘அறுவை சிகிச்சை என்றால் தீவிர சிகிச்சை, ஆகவே ஏ’ என்று என்னிடம் படித்த ஒரு தம்பி விடாமல் வாதாடினார். கத்தி வைப்பது இன்றைய சுருக்கத்தின் மேல், அன்றைய தமனியின் மேல் இல்லை என்று சொன்ன பிறகுதான் விட்டார். ஒரே காயத்துக்கு ஏ எண்ணும் எஸ் எண்ணும் ஒரே பதிவில் சேர்ந்து வரவும் கூடாது. பழைய ஆட்களுக்கு இதெல்லாம் புதிது. 2015க்கு முன் அமெரிக்கக் கணக்குகளில் கை கால் கழுத்து தலை இரத்தக் குழாய்க் காயம் எல்லாவற்றின் பின்விளைவுக்கும் 908.3 என்ற ஒரே எண்தான். நம் டீ92.8 மூட்டையின் அண்ணன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த 111 பற்றியும் ஒரு வார்த்தை. நடுவில் இருக்கும் 1 வெட்டுக் கிழிசலைக் குறிக்கிறது என்றேன். அறுவை சிகிச்சைக் குறிப்பில் கிழிசல் என்று இருந்தால் சரி. வெறுமனே ‘தமனிக் காயம்’ என்று மட்டும் இருந்தால் எஸ்45.101எஸ். மோட்டாரிலிருந்து விழுந்தால் தமனி கிழியலாம், நசுங்கலாம், இழுபட்டு உள்சுவர் மட்டும் பிளந்து அடைத்துக்கொள்ளலாம். எது நடந்தது என்று நாமாக முடிவு செய்யக் கூடாது.

இங்கே கொஞ்சம் உடற்கூறு தெரிந்திருந்தால் வேலை சுலபம். அக்குள் தமனி தோளைத் தாண்டியதும் மேற்கைத் தமனி என்ற பெயரை எடுத்துக்கொண்டு, கையின் உட்புறமாக இறங்கி, முழங்கை மடிப்புக்குக் கீழே இரண்டாகப் பிரிகிறது. அதை ஒட்டியே மீடியன் நரம்பு ஓடுகிறது. ஒரே அறைக்குள் குடியிருப்பவர்கள், ஒருவருக்கு அடி என்றால் மற்றவருக்கும் பட வாய்ப்பு அதிகம். இரத்தம் நின்றால் முன்கைத் தசைகள் சுமார் 6 மணி நேரம்தான் தாங்கும் என்று பாடப் புத்தகங்கள் சொல்கின்றன. அதற்கு மேல் போனால் விரலை மடக்கும் தசைகள் செத்து, நாராகி, நீளம் குறைந்துவிடும். 1881இல் ஜெர்மன் மருத்துவர் ரிச்சர்ட் ஃபான் ஃபோல்க்மன் விவரித்த சுருக்கம் இது, அதனால் வோல்க்மன் சுருக்கம் என்று பெயர். மரத்திலிருந்து விழுந்து முழங்கைக்கு மேலே எலும்பு முறிந்த பிள்ளைகளிடம் இதை முன்பெல்லாம் அதிகம் பார்த்தார்கள். ஒருமுறை பதிவு முகப்பில் ஒருவர் இடது கையால் கோணல்மாணலாகக் கையெழுத்துப் போடுவதைப் பார்த்தேன். வலது மணிக்கட்டைக் கீழே மடக்கினால் விரல்கள் கொஞ்சம் விரிந்தன, மணிக்கட்டை நிமிர்த்தியதும் கோழிக்கால் போலச் சுருண்டுகொண்டன. அந்தச் சுருக்கத்தின் அடையாளமே அதுதான் என்று பக்கத்திலிருந்த தாதி சொன்னார்.

ஆகவே இப்படிப்பட்டவரிடம் மிஞ்சி நிற்பது மூன்றில் ஒன்றாக இருக்கும், அல்லது மூன்றும். தசை என்றால் மேலே சொன்ன எண். நரம்பு என்றால் ஜி56.1 முன்னால் வந்து, பின்னால் டீ92.4. அமெரிக்கப் புத்தகத்தில் வலது கைக்கு ஜி56.11, பின்னால் எஸ்44.11எக்ஸ்எஸ். ஜி56 தலைப்பின் கீழ் ‘தற்போதைய காயத்தால் வந்த நரம்புக் கோளாறு இங்கே வராது’ என்று விலக்கு இருக்கிறதே என்று பயப்பட வேண்டாம், நம்முடையது பழைய காயம். மூன்றாவது, குழாயே பிரச்சினை. ஒட்டுப் போட்ட இடம் சுருங்கியிருந்தால் அதைப் பின்விளைவு என்று எழுதிவிடாதீர்கள். ஒட்டின் சிக்கல் வேறு வீடு, அறுவை சிகிச்சைச் சிக்கல்களின் பகுதிக்குப் போய்த் தேட வேண்டும். ஒட்டு நன்றாக ஓடுகிறது, சும்மா இருக்கிறது என்று மட்டும் சொல்ல இசட்95.8 உண்டு.

இதுவரை சொன்னது உறுதியானது. வோல்க்மன் சுருக்கம் என்றே மருத்துவர் பெயர் சொல்லி எழுதிவிட்டால் அங்கேதான் எனக்கும் சக கோடர்களுக்கும் ஒத்துப்போவதில்லை. இரண்டு புத்தகத்தின் அகரவரிசை அட்டவணையும் அந்தப் பெயரை டீ79.6க்கு அனுப்புகின்றன. அது விபத்தின் ஆரம்பகாலச் சிக்கல்களுக்கான இடம், 2 ஆண்டு பழைய கைக்கு அப்படியே பொருந்தாது. சிலர் அட்டவணை சொன்னதே வேதம் என்று அதை மட்டும் போடுகிறார்கள். நான் செய்வது: நம் புத்தகத்தில் எம்62.4 முன்னால், அதன் பின் டீ98.2. டீ79இன் சிக்கல்களுக்குப் பின்விளைவு எண் டீ98.2தான். அமெரிக்கப் புத்தகத்தில் எம்62.431, அதன் பின் டீ79.6எக்ஸ்எக்ஸ்எஸ். தமனிக் காயத்தின் எண்ணையும் மூன்றாவதாகச் சேர்ப்பேன். இது என் தீர்ப்பு மட்டுமே. உங்கள் மருத்துவமனைக்கு எழுதிவைத்த கோடிங் வழிகாட்டி இருந்தால் அது சொல்வதைக் கேளுங்கள்.

தமனிக் காயம் என்றதுமே எஸ்45க்கு ஓடவும் வேண்டாம். முழங்கை மடிப்பு வழியாகக் குழாய் விட்டபோது குத்துப்பட்ட தமனி, அல்லது டயாலிசிஸுக்காகக் கையில் இணைப்பு வைத்த பிறகு குளிர்ந்துபோன விரல்கள், இவை சிகிச்சையின் சிக்கல்கள். நம் புத்தகத்தில் இவற்றின் பின்விளைவு டீ98.3. எதுவுமே மிச்சமில்லாமல், பல் வலிக்கு வந்தவரின் ஃபைலில் ‘முன்பு கைத்தமனி அறுந்தது’ என்று இருந்தால் பின்விளைவே கிடையாது, அது வெறும் வரலாறு. நம்மிடம் இசட்91.6, அவர்களிடம் இசட்87.828.

கடைசியாக, உங்கள் கேள்விக்குக் கீழே ஒருவர் ‘இந்த எண்ணை மாற்றிப் போட்டால் சொக்சோவில் விழுக்காடு கூடுமா?’ என்று கேட்டிருந்தார். சொக்சோ என்பது தொழிலாளர்களுக்கான சமூகப் பாதுகாப்பு நிறுவனம், அவர் கேட்டது இயலாமை விழுக்காட்டை. கூடாது. நிலையான இயலாமையை மதிப்பிடுவது சொக்சோவின் மருத்துவர் குழு. அவர்கள் கையைப் பார்க்கிறார்கள், மெடிக்கல் ரிப்போர்ட்டைப் படிக்கிறார்கள். நான் கோடர், மருத்துவரோ வழக்கறிஞரோ இல்லை, அதற்கு மேல் அந்த விஷயத்தில் வாய் திறக்க மாட்டேன். ஆனால் பணத்துக்காக எண்ணை மாற்றச் சொல்லி யார் வந்தாலும், சொந்தக்காரராகவே இருந்தாலும், ஃபைலை மூடிவிடுங்கள் தங்கச்சி.

நாளைக் காலை அந்த ஃபைலை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போங்கள். ‘டாக்டர், தசைச் சுருக்கம் என்று போடலாமா?’ என்று கேட்காதீர்கள், அது நீங்கள் வாயில் ஊட்டுவது. தாளில் இப்படி எழுதிக் கொடுங்கள்: ‘இந்தச் சேர்க்கையில் சிகிச்சை பெற்ற தற்போதைய நிலை எது? எந்தப் பக்கம், எந்தப் பகுதி? முந்தைய தமனிக் காயத்தோடு அதற்குத் தொடர்பு உண்டா? நரம்புப் பாதிப்பு தனியாக உண்டா?’ பதிலுக்கு நான்கு வரி இடம் விடுங்கள், கீழே கையெழுத்துக்கும் தேதிக்கும் இடம். அது திரும்பி வரும்வரை பழைய ஒற்றை வரிச் சம்மரியை வைத்து எண்ணைப் பூட்டாதீர்கள். சூப்பர்வைசரிடம் இரண்டாம் தொகுதியின் பின்விளைவு விதியைக் காட்டும்போது, அவருக்கு இருக்கும் அந்தச் சந்து வழியையும் சேர்த்தே காட்டிவிடுங்கள்.